கதவைத் தட்டிய கை: ஹூக்கா கூடங்களும் காவல் துறை அதிகாரத்தின் எல்லையும்

தோற்றுவாய்

எம் துறையின் கருத்தரங்கம் ஒன்றில் ‘அறமும் ஆணையும்’ என்னும் பொருள் பற்றி மாணவர்கள் உரையாடினர். அவர்களுள் இருவர் காஞ்சிபுரத்தினர். ஒருவர் பிள்ளையார்பாளையத்துத் தறிக் குடும்பத்தில் பிறந்தவர். தம் சித்தப்பா மகன் பள்ளிப் பருவத்திலேயே ஹூக்கா பழக்கத்திற்கு ஆளான செய்தியைக் கூறி, “அந்த அறையின் கதவை உடைத்து உள்ளே செல்லக் காவலருக்கு என்ன தடை?” என்று சினந்து கேட்டார். மற்றவர் சிறிது நேரம் தலைகுனிந்திருந்து பின் எழுந்தார். “என் அண்ணன் ஒரு பழச்சாறு கடையில் வேலை பார்த்தார். அங்கே ஹூக்கா இருப்பதாக யாரோ சொன்னதைக் கேட்டுக் காவலர் வந்தனர். ஒன்றும் கிடைக்கவில்லை. ஆயினும் அண்ணன் ஓர் இரவு முழுவதும் நிலையத்தில் அமர்ந்திருந்தார். கடை பதினொரு நாள் மூடிக் கிடந்தது. கடை வாடகை மட்டும் மூடிக் கிடக்கவில்லை” என்றார்.

அவையில் இருந்த பெரியவர் ஒருவர், “பிள்ளைகளைக் காக்கும் நல்ல காரியத்திற்கு இத்தனைக் கேள்வியா?” என வினவினார். அன்று எம்மால் நிறைவான விடை கூற இயலவில்லை. இரு மாணவரின் துன்பமும் உண்மையானது. ஒருவர் காவல் வராமையால் வருந்தினார். மற்றவர் காவல் வந்தமையால் வருந்தினார். இவ்விரு வருத்தங்களுக்கும் இடையே சட்டம் எங்கே கோடு கிழிக்கின்றது என்பதை ஆராய்வதே இக்கட்டுரையின் நோக்கம்.

ஹூக்கா: பெயரும் வரவும்

ஹூக்கா என்பது அரபுச் சொல்லின் வழிவந்தது. சிறு பேழை, கலம் என்னும் பொருள் தருவது. தமிழில் ‘உக்கா’ எனவும் வழங்கிற்று. அடியில் நீர்க்கலம், நடுவில் தண்டு, தலையில் புகையிலையும் கரியும் இடும் கிண்ணம், பக்கத்தில் நீண்ட குழல் என்பன இதன் உறுப்புகள். அக்பரின் அவையிலிருந்த மருத்துவர் அபுல் ஃபத்ஹ் கீலானி, புகையை நீர்வழிச் செலுத்தும் முறையைக் கண்டறிந்தார் என்பர். அடுத்து வந்த ஜஹாங்கீர் 1617ஆம் ஆண்டில் புகையிலைக்குத் தடை விதித்தார். ஆணை பிறந்தது, ஆயினும் பழக்கம் இறந்துவிடவில்லை. பேரரசின் ஆணையையும் மீறிப் புகையிலை நாடெங்கும் பரவியது.

புகை மட்டுமன்று, காப்பியும் இவ்வாறே தடையைச் சந்தித்ததுண்டு. 1511இல் மக்கா நகரில் அங்காடிக் காவல் பொறுப்பிலிருந்த காயிர் பேக், காப்பி அருந்தக் கூடுவோரைக் கண்டு ஐயுற்று, அறிஞர் அவையைக் கூட்டிக் காப்பியைத் தடை செய்தார். கெய்ரோவிலிருந்த சுல்தான் அத்தடையை முழுமையாக ஏற்கவில்லை, தடை தளர்ந்தது. 1675இல் இங்கிலாந்து மன்னர் இரண்டாம் சார்லஸ் காப்பிக் கடைகளை மூடுமாறு அறிவிப்பு வெளியிட்டுச் சில நாட்களிலேயே அதனைத் திரும்பப் பெற்றார். மக்கள் கூடும் இடத்தைக் கண்டு ஆட்சி அஞ்சுவது புதிதன்று. அந்த அச்சம் எந்த வழியில் ஆணையாக மாறுகின்றது என்பதே என்றும் எழும் வினா.

தீமையை மறைக்க வேண்டுவதில்லை

அதிகாரத்தின் எல்லையைப் பேசுவோர் ஹூக்காவிற்குப் பரிந்து பேசுவதாகக் கருதுதல் கூடாது. நீரின் வழியே வருவதால் புகை தூய்மையாகிவிடும் என்பது பொய்ந்நம்பிக்கை. நீர் புகையைக் குளிரச் செய்கின்றது; நஞ்சை நீக்குவதில்லை. குளிர்ந்த புகையை ஆழமாக இழுப்பது எளிதாவதால் தீங்கு மிகுகின்றது. ஒருவர் ஒரு மணி நேரம் ஹூக்கா இழுக்கும்போது உட்கொள்ளும் புகையின் அளவு நூறு சிகரெட்டுகளின் புகை அளவை எட்டக்கூடும் என உலக சுகாதார நிறுவனத்தின் ஆய்வுக் குழு 2005இல் எச்சரித்தது. கரி எரிவதால் கார்பன் மோனாக்சைடு என்னும் நச்சுவளி உண்டாகின்றது. புகையிலை கலவாத ‘மூலிகை ஹூக்கா’ என்று விற்கப்படுவதிலும் கரி எரியவே செய்கின்றது. பழச்சுவை ஊட்டியிருப்பதால் இளைஞர் இதனை விளையாட்டாக எண்ணித் தொடங்குகின்றனர். ஆகவே முதல் மாணவரின் சினம் நியாயமானதே. அரசமைப்பின் 47ஆம் உறுப்பும் மக்கள் நலவாழ்வை மேம்படுத்துவதை அரசின் தலையாய கடமைகளுள் ஒன்றாக வைத்துள்ளது.

கதவைத் தட்டிய இரு கைகள்

தமிழ் மரபில் பொற்கைப் பாண்டியன் கதையை அறியாதார் இல்லை. சிலப்பதிகாரத்துக் கட்டுரை காதையிலும் அதன் குறிப்பு உண்டு. வழங்கிவரும் கதை இது: இரவில் நகர்வலம் வந்த மன்னன், கணவன் வெளியூர் சென்றிருந்த ஒரு வீட்டில் ஆடவன் குரல் கேட்டு ஐயுற்றுக் கதவைத் தட்டினான். உள்ளிருந்தவன் திரும்பி வந்த கணவனே என்பது பின்னர்த் தெரிந்தது. அவ்வில்லத்தின் மீது பழி வாராதிருக்கத் தெருவிலுள்ள எல்லாக் கதவுகளையும் தட்டிவிட்டு அகன்றான். மறுநாள் குற்றவாளி யார் என்னும் வினா அவையில் எழுந்தபோது, தட்டிய தன் கையைத் தானே வெட்டிக்கொண்டான். பின்னர்ப் பொன்னால் கை செய்து பொருத்தியமையால் பொற்கைப் பாண்டியன் எனப் பெயர் பெற்றான்.

இக்கதையில் மன்னனின் நோக்கம் தூயது. குடிமகளின் இல்லத்தைக் காக்கவே அவன் தட்டினான். எனினும் தூய நோக்கம் தவறான தட்டலை நேராக்கவில்லை என்று அவனே தனக்குத் தீர்ப்புக் கூறிக்கொண்டான். இதுவே ஈண்டு நினையத்தக்கது.

இசுலாமிய வரலாற்றிலும் இதற்கு இணையான ஒரு நிகழ்ச்சி பேசப்படுகின்றது. கலீஃபா உமர் (ரலி) அவர்கள் மதீனாவில் இரவு வலம் வந்தபோது ஒரு வீட்டினுள் பாட்டொலி கேட்டுச் சுவரேறி உள்ளே இறங்கினார். அங்கே மது இருக்கக் கண்டார். அவ்வீட்டான் அஞ்சாமல் மறுமொழி கூறினான். தான் செய்த பிழை ஒன்று; கலீஃபா செய்த பிழைகளோ மூன்று என்றான். பிறர் குறையைத் துருவி ஆராய்ந்தது ஒன்று. வாயில் வழி வாராமல் சுவர் வழி வந்தது இரண்டு. இசைவு பெறாமலும் சலாம் உரைக்காமலும் நுழைந்தது மூன்று. இம்மூன்றையும் திருக்குர்ஆன் விலக்கியுள்ளது என அவன் எடுத்துக்காட்ட, கலீஃபா அவனை விட்டுத் திரும்பினார் என்பது அறிஞர் பலர் எடுத்தாளும் செய்தி.

இந்நெறியைப் பின்வந்த சட்ட அறிஞர்கள் முறைப்படுத்தினர். 1058இல் மறைந்த அல்மாவர்தீ, ஆட்சிமுறை பற்றிய தம் நூலில் ‘முஹ்தசிப்’ எனப்படும் அங்காடிக் கண்காணிப்பாளரின் கடமைகளை வரையறுத்தார். வெளிப்படையாக நிகழும் தீமையைத் தடுப்பது அவர் பணி. மூடிய கதவுக்குப் பின்னுள்ளதை உளவறிதல் அவர் பணியன்று. நம்பத்தகுந்த ஒருவர், கொலை போன்ற மீட்க இயலாத கேடு நிகழவிருப்பதாக அறிவித்தால் மட்டும் அவர் விரைந்து புகலாம். ஏறத்தாழ ஆயிரம் ஆண்டுகட்கு முன்னரே அங்காடிக் காவலுக்கு எல்லை வகுக்கப்பட்டது என்பதை நம் மாணவர் அறிதல் வேண்டும்.

காஞ்சி மண்ணின் சான்றுகள்

ஆராய்ச்சிக்குரிய நகரம் காஞ்சியாதலின் அம்மண்ணிலேயே இரு சான்றுகளைக் காணலாம். ஏழாம் நூற்றாண்டின் தொடக்கத்தில் ஆண்ட பல்லவ மன்னன் முதலாம் மகேந்திரவர்மன் ‘மத்தவிலாசப் பிரகசனம்’ என்னும் வடமொழி நகை நாடகத்தை இயற்றினான். நாடகம் நிகழும் இடம் காஞ்சி. மதுக்கடையில் மயங்கிய காபாலிகன் ஒருவன் தன் கபால ஓட்டைத் தொலைத்துவிட்டுப் பௌத்தத் துறவி மீது பழி சுமத்துகின்றான். உண்மையில் அதனைக் கவ்விச் சென்றது ஒரு நாய். வழக்கை நீதிமன்றம் கொண்டுசெல்லலாம் என்னும் பேச்சு எழும்போது, செல்வமுள்ளவன் அதிகாரிகளின் வாயை அடைத்துவிடுவான் என்னும் ஐயமும் உடன் எழுகின்றது. தன் தலைநகரின் மதுக்கடையையும் தன் நீதிமன்றத்தின் கறையையும் ஒருங்கே நகையாடிய அம்மன்னனின் துணிவு வியக்கத்தக்கது. தீய பழக்கம் பொய்ப்பழிக்கும் கையூட்டுக்கும் வாயில் திறக்கும் என்பதை அவன் அன்றே கண்டான்.

காஞ்சிபுரம் மாவட்டத்து உத்தரமேரூரில் முதலாம் பராந்தகச் சோழன் காலத்துக் கல்வெட்டுகள் உள்ளன. 919, 921ஆம் ஆண்டுகளைச் சேர்ந்த அவை குடவோலை முறையைக் கூறுகின்றன. வாரியத்தில் அமர்வோர் 35 வயதுக்குக் குறையாமலும் 70 வயதுக்கு மேற்படாமலும் இருத்தல் வேண்டும். முன்பு பொறுப்பிலிருந்து கணக்குக் காட்டாதவரும் அவர்தம் உறவினரும் தேர்வு பெறலாகாது. அதிகாரம் பெறுவோர்க்கு முன்கூட்டியே விதி எழுதி, அதனை எல்லாரும் காணக் கல்லில் பொறித்த ஊர் இது. எழுதப்பட்ட விதியே ஆட்சியின் அடித்தளம் என்பதை இக்கல் இன்றும் உரைத்துக்கொண்டிருக்கின்றது.

ஆணை வேறு, சட்டம் வேறு

இனி இன்றைய சட்டத்திற்கு வருவோம். எத்தொழிலையும் செய்யும் உரிமையை அரசமைப்பின் 19ஆம் உறுப்பு குடிமக்களுக்கு வழங்குகின்றது. பொதுநலன் கருதி அவ்வுரிமைக்கு நியாயமான வரம்பு விதிக்கலாம். ஆனால் அவ்வரம்பைச் ‘சட்டம்’ விதித்தல் வேண்டும். அதிகாரியின் விருப்பம், சுற்றறிக்கை, வாய்மொழிக் கட்டளை ஆகியவை சட்டம் ஆகா.

இக்கோட்பாட்டைத் தெளிவாக்கிய வழக்கு கரக் சிங் வழக்கு. உத்தரப் பிரதேசத்தில் கொள்ளைக் குற்றச்சாட்டிலிருந்து சான்றின்மையால் விடுவிக்கப்பட்ட ஒருவரைக் காவலர்கள் தொடர்ந்து கண்காணித்தனர். நள்ளிரவில் வீட்டுக் கதவைத் தட்டி எழுப்பினர். காவல் துறையின் உள்விதிகளே அதற்கு ஆதாரம். 1962 டிசம்பரில் உச்ச நீதிமன்றம் அவ்விரவு வருகைகளுக்கு இடமளித்த விதியைச் செல்லாது என்றது. சட்டமன்றத்தின் ஆதாரம் இல்லாத துறை விதி, குடிமகனின் உரிமையைப் பறிக்கும் சட்டமாகாது என்பதே அதன் சாரம். பொற்கைப் பாண்டியன் தனக்குத் தானே கூறிய தீர்ப்பை இருபதாம் நூற்றாண்டில் நீதிமன்றம் காவல் துறைக்குக் கூறிற்று எனலாம். 2017 ஆகஸ்டில் ஒன்பது நீதிபதிகள் கொண்ட அமர்வு, தனிமறைவு அடிப்படை உரிமையே என்று உறுதி செய்தது.

2014ஆம் ஆண்டுத் தீர்ப்பு

சிகரெட்டு மற்றும் பிற புகையிலைப் பொருள்கள் சட்டம் 2003இல் இயற்றப்பட்டது. பொது இடங்களில் புகைப்பதை அது தடுக்கின்றது. எனினும் 30 அறைகள் உள்ள தங்கும் விடுதியிலும் 30 பேருக்குக் குறையாமல் அமரக்கூடிய உணவகத்திலும் வானூர்தி நிலையத்திலும் புகைப்பதற்கெனத் தனியிடம் அமைக்க இசைவளித்தது. 18 வயது நிரம்பாதவர்க்கு விற்பதையும், கல்வி நிறுவனங்களிலிருந்து 100 கெஜ தொலைவுக்குள் விற்பதையும் அது தடை செய்தது. பொது இடங்களில் புகைத்தலைத் தடுக்கும் விதிகள் 2008 அக்டோபர் 2 முதல் நடைமுறைக்கு வந்தன.

2011இல் மும்பை மாநகராட்சி, உணவக உரிமத்திற்குப் புதிய நிபந்தனைகளை விதித்து ஹூக்கா வழங்குவதைத் தடுத்தது. பம்பாய் உயர் நீதிமன்றம் அதனை ஏற்றது. வழக்கு நரிந்தர் எஸ். சட்டா என்பவர் பெயரால் உச்ச நீதிமன்றம் சென்றது. 2014 டிசம்பர் 8ஆம் நாள் உச்ச நீதிமன்றம் உயர் நீதிமன்றத் தீர்ப்பை நீக்கியது. நாடாளுமன்றச் சட்டம் தனியிடத்தில் புகைக்க இசைவளித்திருக்க, உரிம நிபந்தனையின் வாயிலாக மாநகராட்சி அச்சட்டத்தைத் தாண்டிச் செல்ல இயலாது என்றது. நீதிமன்றம் ஹூக்காவை நன்று எனக் கூறவில்லை என்பதை மாணவர் கருத்தில் கொள்ளல் வேண்டும். தடை வேண்டுமாயின் அது சட்டத்தின் வாயில் வழியே வருக என்பதே அதன் பொருள்.

அவ்வாயில் வழியே மாநிலங்கள் வந்தன. 2017 மே மாதம் நடுவண் அரசு விதிகளைத் திருத்திப் புகைப்பிடத்தில் ஹூக்கா உள்ளிட்ட எதனையும் வழங்கலாகாது என்றது. குஜராத் 2017இல் ஹூக்கா கூடங்களைத் தடை செய்யத் திருத்தச் சட்டம் இயற்றிற்று. மும்பையில் 2017 டிசம்பரில் 14 உயிர்களைப் பலிகொண்ட கமலா மில்ஸ் வளாகத் தீவிபத்தின் விசாரணையில் ஹூக்கா நெருப்பு பேசப்பட்டது. மகாராட்டிரம் 2018இல் திருத்தச் சட்டம் கொணர்ந்தது. பிற மாநிலங்களும் தொடர்ந்தன.

ஒரே செயல், இரு தீர்ப்பு

இவண் இரு வழக்குகளை அடுத்தடுத்து வைத்துப் பார்த்தல் பயன் தரும். கொல்கத்தாவில் 2022 இறுதியில் ஹூக்கா கூடங்கள் மூடப்படும் என்னும் அறிவிப்பு வெளிவந்தது. காவல் துறை சோதனைகளில் இறங்கிற்று. 2023 ஜனவரியில் கல்கத்தா உயர் நீதிமன்றம், மாநிலச் சட்டம் ஏதும் இல்லாத நிலையில் அக்கூடங்களை மூடச் செய்ய இயலாது என்று தீர்ப்பளித்தது. கர்நாடக அரசு 2024 பிப்ரவரியில் முறையான அறிவிக்கையால் ஹூக்காவைத் தடை செய்தது. அவ்வாண்டு ஏப்ரலில் கர்நாடக உயர் நீதிமன்றம் அத்தடை செல்லும் என்றது. கல்கத்தாவிலும் பெங்களூரிலும் இழுக்கப்பட்ட புகை ஒன்றே. ஒரு நகரில் ஆதாரமற்ற ஆணை வீழ்ந்தது; மற்ற நகரில் அதிகாரத்தின் மூலத்தைக் காட்டிய ஆணை நின்றது.

தமிழ்நாட்டிலும் இதனை ஒத்த வினா எழுந்தது. உணவுப் பாதுகாப்பு ஆணையர் குட்கா, பான் மசாலா ஆகியவற்றுக்கு ஆண்டுதோறும் தடையைப் புதுப்பித்து வந்தார். ஓராண்டு அளவிலான அவசர அதிகாரத்தை ஆண்டுக்காண்டு நீட்டி நிரந்தரத் தடையாக்க இயலாது எனச் சென்னை உயர் நீதிமன்றம் 2023 ஜனவரியில் கூறியது. அவ்வாண்டு ஏப்ரலில் உச்ச நீதிமன்றம் அத்தீர்ப்பை நிறுத்தி வைத்தது. நல்ல நோக்கமுள்ள தடையும் தன் அதிகாரத்தின் அளவை நீதிமன்றத்தில் மெய்ப்பிக்கவேண்டும் என்பதற்கு இது சான்று.

தமிழ்நாட்டுச் சட்டம்

ஹூக்காவைப் பொறுத்தவரை தமிழ்நாடு சட்டமன்றம் 2022 அக்டோபரில் திருத்தச் சட்டமுன்வடிவை நிறைவேற்றிற்று. குடியரசுத் தலைவரின் இசைவு பெற்று அது 2023இல் சட்டமாயிற்று. புகைக்குழல் கூடம் திறப்பதும் நடத்துவதும் குற்றம். தண்டனை ஓராண்டுக்குக் குறையாமல் மூன்றாண்டு வரை சிறை. 20,000 ரூபாய்க்குக் குறையாமல் 50,000 ரூபாய் வரை தண்டம். ஆதலின் இன்று தமிழ்நாட்டில் ஹூக்கா கூடத்தை உரிமையெனக் கோர இடமில்லை. கரக் சிங் வழக்கின் நெறிப்படி தடை சட்டத்தின் வாயில் வழியே வந்துவிட்டது.

அவ்வாறாயின் காவல் துறைக்கு எல்லையே இல்லையா எனின், உண்டு. ‘செய்யலாமா’ என்னும் வினா தீர்ந்தது. ‘எவ்வாறு செய்வது’ என்னும் வினா நிற்கின்றது. அதனைக் காஞ்சிபுரத்தை நிலைக்களனாகக் கொண்டு வரிசைப்படுத்துவோம்.

எல்லைகள் ஏழு

முதலாவது, பொருளின் எல்லை. தடை செய்யப்பட்டது புகைக்குழல் கூடம். பழச்சாறு கடையும் தேநீர்க் கடையும் கூடமாகிவிடா. இளைஞர் கூடுவதே குற்றத்தின் சான்றும் ஆகாது.

இரண்டாவது, பதவியின் எல்லை. 2003ஆம் ஆண்டுச் சட்டத்தின் 12ஆம் பிரிவின்படி நுழைந்து சோதனையிடும் காவல் அலுவலர் உதவி ஆய்வாளர் நிலைக்குக் குறையாதவராக இருத்தல் வேண்டும்.

மூன்றாவது, காரணத்தின் எல்லை. சட்டம் மீறப்பட்டதென நம்புவதற்குக் காரணம் இருத்தல் வேண்டும். தெருவில் கேட்ட வதந்தியும் பகைவன் சொன்ன சொல்லும் தம்மளவில் காரணமாகா. அல்மாவர்தீ கேட்ட ‘நம்பத்தகுந்தவரின் செய்தி’ ஈண்டு ஒப்புநோக்கத் தக்கது.

நான்காவது, முறையின் எல்லை. குற்றவியல் நடைமுறைச் சட்டத்தின் சோதனை விதிகள் இதற்கும் பொருந்தும். அதன் இடத்தில் 2024 ஜூலை 1 முதல் பாரதிய நாகரிக் சுரக்ஷா சன்ஹிதா நடைமுறையில் உள்ளது. அவ்வட்டாரத்து நடுநிலைச் சாட்சிகள் முன்னிலையில் சோதனை நடத்தி, கைப்பற்றிய பொருள்களைப் பட்டியலிட வேண்டும். புதிய சட்டத்தின் 105ஆம் பிரிவு சோதனையையும் கைப்பற்றுதலையும் ஒலி ஒளிப் பதிவு செய்யப் பணிக்கின்றது.

ஐந்தாவது, கைதின் எல்லை. ஏழாண்டு வரை தண்டனைக்குரிய குற்றங்களில் கைது தானே நிகழ்வதன்று என்று அர்னேஷ் குமார் வழக்கில் 2014 ஜூலையில் உச்ச நீதிமன்றம் கூறியது. கைதின் தேவையைக் காவல் அலுவலர் எழுத்தில் காட்டவேண்டும். தேவையில்லையெனில் அழைப்பாணை அனுப்பி விசாரிக்கவேண்டும். ஹூக்கா கூடக் குற்றத்தின் உயர்ந்த தண்டனை மூன்றாண்டே. ஆகவே இந்நெறி இதற்கும் பொருந்தும்.

ஆறாவது, பூட்டின் எல்லை. காவலர் குற்றத்திற்குப் பயன்பட்ட பொருள்களைக் கைப்பற்றலாம். கடையையே பூட்டிச் சாவியை எடுத்துச் செல்லலாமா? பொருள்களைக் கைப்பற்றும் காவல் துறையின் பொது அதிகாரம் அசையாச் சொத்துக்குச் செல்லாது என்று 2019 செப்டம்பரில் நெவாடா வழக்கில் உச்ச நீதிமன்றம் தீர்ப்பளித்தது. வணிக உரிமம் பற்றிய நடவடிக்கை மாநகராட்சிக்கும் உணவு உரிமம் பற்றியது உணவுப் பாதுகாப்புத் துறைக்கும் உரியன; அவையும் அறிவிப்புக் கொடுத்து விளக்கம் கேட்ட பின்னரே நடைபெறல் முறை. காஞ்சிபுரம் 2021இல் மாநகராட்சியானதால் அப்பொறுப்பு இன்று நகரின் மாநகராட்சியிடம் உள்ளது.

ஏழாவது, தடையாணையின் எல்லை. முன்னர் 144ஆம் பிரிவு என அறியப்பட்டது இன்று புதிய சட்டத்தின் 163ஆம் பிரிவு. சென்னை போன்ற ஆணையரகங்களில் காவல் ஆணையர் நிர்வாக நடுவர் அதிகாரமும் பெறுகின்றார். காஞ்சிபுரம் மாவட்டத்தில் காவல் கண்காணிப்பாளர்க்கு அவ்வதிகாரம் இல்லை. அது மாவட்ட ஆட்சியர், கோட்டாட்சியர் போன்ற நிர்வாக நடுவரிடம் உள்ளது. அவ்வாணையும் பொதுவாக இரண்டு மாதத்திற்கே உரியது. காரணங்களை எழுத்தில் கூற வேண்டும் என்றும், மீண்டும் மீண்டும் பிறப்பித்தல் அதிகாரத் துர்ப்பயன் என்றும் அனுராதா பாசின் வழக்கில் 2020 ஜனவரியில் உச்ச நீதிமன்றம் எச்சரித்தது.

எல்லை யாருக்கு நன்மை?

இவ்வெல்லைகள் குற்றவாளிக்கே துணை செய்யும் என்று பெரியவர் சிலர் எண்ணலாம். உண்மை வேறு. முறை தவறிய சோதனையில் கிடைத்த குழலும் கிண்ணமும் நீதிமன்றத்தில் வலுவிழக்கின்றன. சாட்சியில்லாப் பட்டியலை எதிர்தரப்பு வழக்கறிஞர் எளிதில் உடைக்கின்றார். அப்போது சிறுவர்க்குப் புகை விற்றவன் விடுதலை பெற்று வெளியே வருகின்றான். முறைப்படி எழுதிய குற்றப்பத்திரிகையோ நிலைத்து நிற்கின்றது. ஆகவே எல்லையை மதித்தல் முதல் மாணவரின் தம்பிக்கும் நன்மை. இரண்டாம் மாணவரின் அண்ணனுக்கும் நன்மை.

மற்றொன்றும் கூறவேண்டும். எழுதப்படாத அதிகாரம் இருக்கும் இடத்தில் எழுதப்படாத விலையும் இருக்கும். எந்தக் கடை மூடப்படும், எது திறந்திருக்கும் என்பது ஓர் அதிகாரியின் விருப்பத்தைச் சார்ந்ததாயின், பணமுள்ள கடை திறந்திருக்கும். பணமில்லாக் கடை மூடப்படும். மகேந்திரவர்மன் நாடகத்தில் எழுந்த ஐயம் இதுவே. மொழியாலோ மதத்தாலோ சிறுபான்மையினராக உள்ளோர், அன்றாடக் கூலிக்கு உழைப்போர், வெளியூரிலிருந்து பிழைக்க வந்தோர் ஆகியோரே இவ்விருப்பத்தின் சுமையை முதலில் தாங்குகின்றனர். அவர்களுக்கு எழுதப்பட்ட சட்டமே கேடயம்.

சமுதாயப் பெரியவர்கள் செய்யத்தக்கதும் உண்டு. கூடம் ஒன்று நடப்பதாக உறுதியாக அறிந்தால் நாள், நேரம், இடம் குறித்து எழுத்தில் புகார் அளிக்கலாம். அதன் பெறுகைச் சீட்டைக் கேட்டுப் பெறலாம். பள்ளியருகே புகையிலை விற்பனை நடந்தால் 100 கெஜ விதியைச் சுட்டிக்காட்டலாம். தாமே கூட்டமாகச் சென்று கதவை உடைத்தல் ஆகாது. இல்லத்திலும் ஜமாஅத்திலும் பள்ளியிலும் பிள்ளைகளோடு அமர்ந்து பேசுதல் எந்தச் சோதனையினும் பயனுடையது. பழக்கத்திற்கு ஆளானவனைக் குற்றவாளியாக அன்றி நோயாளியாகக் கண்டு மருத்துவரிடம் அழைத்துச் செல்வதே கடமை.

நிறைவுரை

காஞ்சிப் பட்டின் சிறப்பு கோர்வை. உடலையும் இரு கரைகளையும் நெய்ய மூன்று நாடாக்கள் ஓடுகின்றன. ஒவ்வொன்றும் தன் பகுதிக்குள்ளேயே ஓடி, எல்லையில் அடுத்ததோடு பின்னிக்கொண்டு திரும்புகின்றது. கரை நாடா உடலுக்குள் ஓடினால் சேலை கெடும். எல்லையில் பின்னாமல் விட்டால் சேலை பிரியும். சட்டமன்றம், காவல் துறை, நீதிமன்றம் ஆகிய மூன்றும் அவ்வாறே. சட்டமன்றம் தடை செய்க. காவல் துறை அத்தடையை முறைப்படி நிறைவேற்றுக. நீதிமன்றம் முறை வழுவாமல் காக்க.

கருத்தரங்கில் எழுந்த வினாவிற்கு இப்போது விடை கூறலாம். கதவைத் தட்டக் காவலருக்குத் தடையில்லை. தட்டும் உரிமையை இன்று தமிழ்நாட்டுச் சட்டமே வழங்கியுள்ளது. ஆனால் தட்டுகின்ற கை எதன் ஆதாரத்தால் தட்டுகின்றது என்பதைக் காட்டக் கடமைப்பட்டுள்ளது. ஒன்றும் கிடைக்காதபோது அக்கை திரும்பிச் செல்லவும் அறிதல் வேண்டும். பதினொரு நாள் மூடிக் கிடந்த பழச்சாறு கடைக்காக எந்தக் கையும் பொன்னாக வேண்டுவதில்லை. அடுத்த கடையின் கதவை முறையோடு தட்டினால் போதும். நம் மாணவருள் நாளை காவல் அலுவலராகவும் வழக்கறிஞராகவும் ஆசிரியராகவும் அமரப்போவோர் இதனை நெஞ்சில் நிறுத்துவாராக.